டான் ஜுவான் (1926): பார்க்கும் முன்னும் பார்த்த பின்னும் கேட்கப்படும் கேள்விகள்

இது எந்த டான் ஜுவான்? இந்தப் பெயரில் ஏகப்பட்ட படங்கள் இருக்கின்றனவே?

ஆமாம், இருக்கின்றன. இங்கே பேசுவது 1926இல் வார்னர் பிரதர்ஸ் எடுத்த படத்தைப் பற்றி. ஜான் பேரிமோர் கதாநாயகன், இயக்கம் ஆலன் கிராஸ்லாண்ட், திரைக்கதை பெஸ் மெரிடித். ஓட்டம் கிட்டத்தட்ட 110 நிமிடம். 1934இல் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நடித்தது வேறு, 1948இல் எரால் ஃப்ளின் நடித்த வண்ணப்படம் வேறு. தேடும்போது ஆண்டையும் சேர்த்துத் தேடுங்கள், இல்லாவிட்டால் வேறு எதையாவது பார்த்துவிட்டு வந்து படம் பேசுகிறதே என்பீர்கள்.

ஊமைப் படம் என்கிறார்கள், ஒலி வந்த முதல் படம் என்றும் சொல்கிறார்கள். எது சரி?

இரண்டும் சரிதான். படத்தில் யாரும் ஒரு வார்த்தை பேசமாட்டார்கள், வசனமெல்லாம் எழுத்து அட்டைகளில்தான் வரும். அந்த வகையில் இது ஊமைப் படம். ஆனால் படம் முழுவதற்கும் இசையும், வாள் மோதும் சத்தம், மணியோசை மாதிரியான சில ஒலிகளும் முன்கூட்டியே இசைத்தட்டில் பதிவு செய்யப்பட்டு, படத்தோடு சேர்ந்து ஓடும்படி செய்யப்பட்டன. முழுநீளக் கதைப்படம் ஒன்று முதலிலிருந்து கடைசிவரை இப்படிப் பதிவிசையோடு வெளியானது இதுதான் முதல் தடவை. இசையமைத்தவர்கள் வில்லியம் ஆக்ஸ்ட், டேவிட் மென்டோசா. வாசித்தது நியூயார்க் ஃபில்ஹார்மோனிக் இசைக்குழு, நடத்தியவர் ஹென்றி ஹாட்லி.

இதற்கு முன்னால் படத்துக்கு இசையே கிடையாதா என்று கேட்டால், இருந்தது, தாராளமாகவே இருந்தது. பெரிய அரங்கென்றால் முழு இசைக்குழு, சின்ன ஊர் என்றால் ஒற்றைப் பியானோ. வார்னர் சகோதரர்கள் கண்ட கணக்கு இதுதான்: எந்தப் பட்டிக்காட்டுக் கொட்டகைக்கும் நியூயார்க்கின் பெரிய இசைக்குழுவைத் தட்டில் ஏற்றி அனுப்பிவிடலாம், வாசிப்பவர்களுக்குச் சம்பளம் தர வேண்டியதில்லை. நடிகர்களைப் பேச வைப்பது அப்போது அவர்களுடைய பிரதான நோக்கமாகவே இல்லை.

கதை என்ன? (முடிவு வரைக்கும் சொல்லியிருக்கிறது, வேண்டாம் என்றால் அடுத்ததற்குப் போய்விடுங்கள்.)

முதலில் ஒரு முன்கதை. ஸ்பெயினில் டான் ஹோசே என்ற பிரபு. மனைவிக்கு ஒரு காதலன் இருப்பதாக அவருக்கு ஒரு வேலைக்காரன் மூலம் தெரியவருகிறது. காதலன் சுவருக்குள் இருக்கும் மறைவிடத்தில் ஒளிந்திருக்கிறான். ஹோசே வாளை உருவுவதில்லை. அந்த மறைவிடத்தைக் கல் வைத்து அடைத்துவிடச் சொல்கிறார், அவ்வளவுதான். உள்ளே ஆள் உயிரோடு இருக்கிறான் என்பது அவருக்கும் தெரியும், மனைவிக்கும் தெரியும். வாயைத் திறந்தால் குற்றத்தை ஒப்புக்கொண்டது ஆகும், திறக்காவிட்டால் அவன் செத்தான். பிறகு அவளைக் கோட்டையை விட்டே துரத்திவிடுகிறார். பெண்கள்மேல் நம்பிக்கையே போய், தன் போக்கில் களியாட்டம் போட்டுத் திரிகிறார், கடைசியில் அவருடைய காதலி ஒருத்தியே அவரைக் குத்துகிறாள். சாகும் தறுவாயில் மகன் ஜுவானிடம் சொல்லிவிட்டுப் போவது: பெண்களிடமிருந்து எல்லாவற்றையும் எடுத்துக்கொள், நீ எதையும் கொடுத்துவிடாதே.

அப்புறம் பத்து வருடம் கழித்து ரோம். பீசாவில் படித்து முடித்துவிட்டு வந்த ஜுவான் ஊரறிந்த மன்மதன். போர்ஜியா குடும்பம் கோலோச்சும் நகரம் அது. லுக்ரீசியா போர்ஜியா அவன்மேல் கண் வைக்கிறாள், அவன் அலட்சியம் செய்கிறான். அவனுடைய மனமோ டெல்லா வார்னேசே பிரபுவின் மகள் அட்ரியானாவிடம் போகிறது. அவளிடம் அவனுடைய வழக்கமான வித்தை எதுவும் பலிப்பதில்லை. பொறாமையில் லுக்ரீசியா அந்தப் பெண்ணைத் தன் கையாள் டொனாட்டிக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறாள், அவளுடைய அப்பாவுக்கு விஷம் வைக்கவும் ஏற்பாடு நடக்கிறது. அதை ஜுவான் தடுத்துவிடுகிறான். உடனே போர்ஜியாக்கள் அட்ரியானாவின் உறவினர்கள்மேல் பாய்கிறார்கள், அவர்கள் பிழைக்க வேண்டுமானால் டொனாட்டியை மணக்க வேண்டும் என்கிறார்கள். லுக்ரீசியாவை மணக்கிறாயா, சாகிறாயா என்று ஜுவானுக்கும் ஒரு கெடு, அவன் சாவே மேல் என்கிறான். தப்பி, வாள்சண்டையில் டொனாட்டியைக் கொன்று, மரணக் கோபுரத்தில் அடைபட்டு, மறுபடியும் தப்பி, துரத்தி வருபவர்களையெல்லாம் அடித்து வீழ்த்தி, காதலியோடு சேர்கிறான். சுபம்.

பைரனின் காவியத்தைத்தான் படமாக எடுத்தார்களா?

ஆங்கிலக் கவிஞர் பைரனின் பெயரைப் போட்டுக்கொண்டார்கள் என்பதே நியாயமான பதில். அந்தக் காவியத்தில் அப்பாவின் பெயர் ஹோசே, கூட வரும் ஆளின் பெயர் பெட்ரில்லோ, படத்திலும் அப்படியே. ஒற்றுமை ஏறக்குறைய அத்தோடு சரி. பைரனுடைய ஜுவான் கப்பல் கவிழ்ந்து கிரேக்கத் தீவில் ஒதுங்குகிறான், துருக்கிச் சுல்தானின் அந்தப்புரத்துக்குள் பெண்வேடத்தில் போகிறான், ருஷ்ய மகாராணியிடம் போகிறான், இங்கிலாந்துக்குப் போகிறான். பெரும்பாலும் அவன் யாரையும் மயக்குவதுகூட இல்லை, மற்றவர்கள்தான் அவனை மயக்குகிறார்கள். போர்ஜியாக்களுக்கு அங்கே வேலையே இல்லை. தவிர அந்தக் காவியத்தின் பெட்ரில்லோவைப் படகில் பசியோடு இருப்பவர்கள் தின்றுவிடுகிறார்கள், படத்தில் அவர் பாவம் கதவுக்குக் கதவு பெண்களை மாற்றி மாற்றி ஒளித்துவைக்கும் சிரிப்புப் பாத்திரமாகப் பிழைத்துக்கொள்கிறார்.

ஹோசேயின் குடும்பப் பெயராகப் படத்தில் வரும் மரானாவுக்கு வேறு பூர்வீகம். 17ஆம் நூற்றாண்டில் செவில் நகரத்தில் மிகேல் மான்யாரா என்று ஒருவர் இருந்தார், தர்ம மருத்துவமனை கட்டியவர். அவர் இளமையில் பெரிய காமுகராக இருந்து திருந்தியவர் என்று பின்னாளில் கதை கட்டினார்கள். பிரெஞ்சு எழுத்தாளர்கள் அவரையும் டான் ஜுவானையும் ஒன்றாக்கிவிட்டார்கள். திருந்துகிற டான் ஜுவான் என்ற எண்ணமே பெரும்பாலும் அந்த வழியாக வந்ததுதான், இந்தப் படத்துக்கு உண்மையில் அதுதான் நெருக்கமான சொந்தம்.

மூலக்கதையில் அவன் நரகத்துக்குப் போவானே? கல்சிலை விருந்துக்கு வருமே? அதெல்லாம் எங்கே?

இல்லை. என்னைக் கேட்டால் இந்தப் படத்தைப் பற்றி விவாதிக்கத் தகுந்த விஷயம் இது ஒன்றுதான், மற்றதெல்லாம் துணைத் தகவல்.

மூலக்கதை என்பது 1630 வாக்கில் அச்சான திர்சோ டி மோலினாவின் ஸ்பானிய நாடகம். அதில் டான் ஜுவான் ஒரு ஏமாற்றுக்காரன். இருட்டில் வேறொருவன் பெயரைச் சொல்லிப் பெண்ணை ஏமாற்றுகிறான், கல்யாணம் செய்கிறேன் என்று மீனவப் பெண்ணை ஏமாற்றிவிட்டு அவளுடைய குதிரையிலேயே ஏறி ஓடிப்போகிறான். கடவுள் தண்டிப்பார் என்று யாராவது எச்சரித்தால், அதற்கு இன்னும் நிறையத் தவணை இருக்கிறது என்கிற மாதிரி ஒரே பதிலைத் திரும்பத் திரும்பச் சொல்வான். தவணை முடிகிறது. அவனால் கொல்லப்பட்ட தளபதியின் கல்சிலை விருந்துக்கு வந்து, பதில் விருந்துக்குக் கூப்பிட்டு, கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விடுகிறது. கடைசி நேரத்தில் பாவமன்னிப்புக் கேட்கிறேன் என்கிறான், நேரம் இல்லை. திர்சோ ஒரு துறவி. அவருக்கு மனம் திருந்துவதற்கும் ஒரு கெடு உண்டு என்பதுதான் முக்கியம். பின்னால் மோலியேர் 1665இல் தன் நாடகத்திலும் மொஸார்ட் 1787இல் தன் ஆபராவிலும் இதே முடிவைத்தான் வைத்திருந்தார்கள்.

1926இல் ஹாலிவுட்டில் இந்த முடிவு செல்லாது. டிக்கெட் வாங்கிக்கொண்டு வருபவர்கள் பேரிமோரைப் பார்க்க வருகிறார்கள், அவர் நரகத்தில் எரிவதை யார் பார்ப்பார்கள்? ஆகவே தண்டனையை அவன் தலையிலிருந்து எடுத்து மற்றவர்கள் தலையில் வைத்தார்கள். அப்பா குத்துப்பட்டுச் சாகிறார். மகனுடைய தப்பெல்லாம் அப்பா சொல்லிக்கொடுத்தது என்று ஆகிறது, அப்பாவுடையதோ அம்மா செய்த துரோகத்தால் வந்தது என்று ஆகிறது. கொஞ்சம் நின்று யோசித்தால் முழுப் பழியும் படத்தின் முதல் சில நிமிடங்களில் துரத்தப்பட்டுப் போன அந்தப் பெண்ணிடம் போய் நிற்கிறது. ஜுவான் கையில் ஒட்டியிருப்பது சொற்பம், அதையும் அட்ரியானாவின் தூய்மை கழுவிவிடுகிறது. படம் முழுக்க இவ்வளவு சாமர்த்தியமாகக் கணக்கைத் தீர்த்திருக்கிறார்கள், ஆனால் ஒரு இடத்தில் மட்டும் தீரவில்லை, அடுத்த கேள்வியைப் பாருங்கள்.

அப்படியென்றால் அவன் செய்ததற்கு எந்த விளைவும் இல்லையா?

இருக்கிறது, ரினால்டோ தம்பதி. ஜுவானின் வீட்டில் ஒரே நேரத்தில் பல பெண்கள், ஒருத்தி கண்ணில் இன்னொருத்தி படாமல் சமாளிப்பது, கதவைச் சாத்துவது, திறப்பது என்று ஓடும் கலகலப்பான பகுதி ஒன்று உண்டு. அந்தப் பெண்களில் ரினால்டோ பிரபுவின் மனைவியும் ஒருத்தி. நாம் சிரித்துக்கொண்டிருக்கும்போதே விஷயம் அவளுடைய கணவனுக்குத் தெரிந்து, அவள் தற்கொலை செய்துகொள்கிறாள், அவனுக்குப் புத்தி பேதலித்துவிடுகிறது. ரினால்டோவாக நடித்தவர் நைஜல் டி புருலியே, எலும்பும் தோலுமான முகம், குழிவிழுந்த கண். அவர் ஜுவானைப் பார்க்கும் பார்வைக்குப் பிறகு அந்தக் கதவுத் தமாஷை நினைத்தால் சிரிப்பு வராது.

படத்தில் கல்சிலைக்குப் பதில் ஏதாவது இருக்கிறது என்றால் அது இந்த மனிதர்தான். ஆனால் கிராஸ்லாண்ட் அங்கே நிற்கமாட்டேன் என்கிறார். செத்தவள் மனைவி, பைத்தியமானவன் கணவன், ஜுவானுக்குக் கொஞ்ச நேரம் மனவருத்தம், அப்புறம் கத்திச் சண்டை, குதிரை. கடைசி ஓட்டத்தில் அந்தத் தம்பதி யாருடைய நினைவிலும் இல்லை.

போர்ஜியாக்கள் நிஜமாகவே இருந்தவர்களா?

ஆமாம். போப் ஆறாம் அலெக்ஸாண்டரின் பிள்ளைகள் சேசரேயும் லுக்ரீசியாவும். போப் 1503இல் இறந்தார், சேசரே 1507இல், லுக்ரீசியா 1519இல். டான் ஜுவான் மேடைக்கு வந்ததே அதற்கு நூறு வருடத்துக்கும் மேல் கழித்துதான், அவன் கற்பனைப் பாத்திரமும்கூட. விஷம் வைக்கிற லுக்ரீசியா என்பதும் எதிரிகள் பரப்பிய வதந்தியில் முளைத்ததுதான். அவர் ஃபெராராவில் பிரபுவின் மனைவியாக இருந்து, பிரசவத்தில் இறந்துபோனவர். எஸ்டெல் டெய்லர் இந்தப் பாத்திரத்தை ரசித்துச் செய்திருக்கிறார் என்பதால் சரித்திரத்தைக் கொஞ்சம் மன்னித்துவிடலாம்.

பேரிமோரின் நடிப்பு இன்றைக்குப் பார்த்தால் மிகையாகத் தெரியாதா?

சில இடங்களில் தெரியும். இடப்பக்க முகவெட்டு அழகு என்று அவருக்கும் தெரியும், ஒளிப்பதிவாளருக்கும் தெரியும், முகத்தைத் திருப்பி நிறுத்தி வைத்து நமக்கும் தெரியப்படுத்திவிடுவார்கள். 44 வயதில் இப்போதுதான் படித்து முடித்த வாலிபனாக வருகிறார் என்பதையும் பொறுத்துக்கொள்ள வேண்டும். ஆனால் மேடையில் ஹாம்லெட்டாகப் பெயர் வாங்கியவர் எதற்காகக் கொண்டாடப்பட்டார் என்று காட்டும் இடங்கள் இரண்டு உண்டு. அப்பா ஹோசேயாகவும் அவரேதான் நடிக்கிறார், அந்த முன்கதையில் கையும் காலும் ஆடாமல் வெறும் கண்ணை வைத்துக்கொண்டே வேலையை முடிக்கிறார். இன்னொன்று கோபுரத்தில் நேரியாக மாறுவது. நேரி போர்ஜியாக்களின் கையாள், கிழவன், நடித்தவர் குஸ்டாவ் ஃபான் செய்ஃபர்டிட்ஸ். அட்ரியானாவைக் காப்பாற்ற ஜுவான் அந்தக் கிழவனைப் போல முகத்தை மாற்றிக்கொள்கிறான். கன்னத்தை உள்ளே இழுத்து, வாயைக் கோணி, கழுத்தைச் சுருக்கி, அழகன் முகம் கோரமாகிறது. 1920இல் நல்லவன் டாக்டர் ஜெகில், கொடூரன் ஹைட் இரண்டாகவும் நடித்தவருக்கு இது கைவந்த கலை.

வாள்சண்டையையும் சொல்ல வேண்டும். டொனாட்டியாக வரும் மான்டேகு லவ் கனத்த ஆள், ஆனால் சண்டையில் சளைக்கவில்லை. வாளில் ஆரம்பித்துக் குத்துவாளுக்கு இறங்கி, படிக்கட்டிலிருந்து பேரிமோர் பாய்கிறார். 1926இல் அந்த இடத்தில் வாள் மோதும் சத்தத்தையும் சேர்த்துக் கேட்டவர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துக்கொண்டே பாருங்கள்.

படத்தில் வரும் முத்தங்களை எண்ணிக் கணக்குச் சொல்கிறார்களே, அது உண்மையா?

127 என்று ஒரு கணக்கு, 191 என்று இன்னொரு கணக்கு. எண்ணியவர்கள் கை முத்தத்தைச் சேர்த்தார்களா, விட்டார்களா என்பதைப் பொறுத்து மாறும்போல. விளம்பரத்துக்கு உதவியது, படத்துக்கு அதனால் நல்லதும் இல்லை கெட்டதும் இல்லை.

பேரிமோருக்கும் அட்ரியானாவாக நடித்த மேரி ஆஸ்டருக்கும் நிஜ வாழ்க்கையில் என்ன?

ஆஸ்டர் பின்னாளில் தன்வரலாற்றில் அவரே எழுதியிருக்கும் விஷயம்தான் இது. 1924இல் வந்த படம் ஒன்றில் இருவரும் சேர்ந்து நடித்தார்கள், அந்தச் சமயத்தில் உறவு தொடங்கியது. பேரிமோருக்கு நாற்பதைத் தாண்டியிருந்தது, ஆஸ்டருக்குப் பதினேழு. இந்தப் படம் எடுக்கும்போது பேரிமோர் மனம் டொலோரஸ் காஸ்டெல்லோவிடம் போய்விட்டது, 1928இல் அவரைத்தான் மணந்தார். டொலோரஸின் தங்கை ஹெலின் இந்தப் படத்தில் அட்ரியானாவின் பணிப்பெண்ணாக வருகிறார். ஆகக் காமுகனைத் திருத்தும் காதலியாகக் கேமரா முன்னால் நின்ற பத்தொன்பது, இருபது வயதுப் பெண்ணை, எதிரில் நின்றவர் ஏற்கெனவே கைவிட்டிருந்தார். திரைக்கதையைவிட இதுதான் அசல் டான் ஜுவான் கதை.

இந்தப் படத்துக்கு ஒலி சேர்த்த வைட்டாபோன் முறை எப்படி வேலை செய்தது?

ஒலி ஃபிலிமில் இல்லை, தனியாக 16 அங்குல இசைத்தட்டில் இருந்தது. தட்டு நிமிடத்துக்கு 33 முழுச்சுற்றும் மூன்றில் ஒரு பங்கும் சுற்றும். ஒரு தட்டு சுமார் 11 நிமிடம், அதாவது ஆயிரம் அடி ஃபிலிம் ஓடும் நேரம். படம்காட்டும் கருவியும் தட்டு சுழலும் மேசையும் ஒரே மோட்டாரில் இணைந்திருக்கும். ஃபிலிமில் தொடக்கக் குறி, தட்டில் ஊசி வைக்கும் இடத்தில் ஒரு அம்புக்குறி, இரண்டையும் பொருத்திவிட்டு ஓட்டினால் சேர்ந்து ஓடும். ஊசி தட்டின் நடுவிலிருந்து விளிம்பை நோக்கிப் போகும், நாம் பார்த்துப் பழகிய தட்டுகளுக்கு நேர் எதிர்.

ஒரு தட்டை இருபது தடவைக்கு மேல் ஓட்டக்கூடாது, தேய்ந்துவிடும். அதற்காகவே தட்டின் லேபிளில் கட்டங்கள் அச்சிட்டிருப்பார்கள், ஓட்டுபவர் ஒவ்வொரு தடவையும் ஒன்றை அடித்துக்கொண்டே வர வேண்டும். ஃபிலிம் அறுந்துபோனால் வந்தது வினை. சாதாரண ஊமைப் படமென்றால் கெட்டுப்போன நாலு சட்டத்தை வெட்டிவிட்டு ஒட்டிவிடலாம், இங்கே வெட்டிய அளவுக்குக் கறுப்புச் சட்டம் வைத்து ஒட்ட வேண்டும், இல்லாவிட்டால் அங்கிருந்து எல்லாச் சத்தமும் பிந்திப்போகும்.

முதல் காட்சி எப்படி நடந்தது?

1926 ஆகஸ்ட் 6, நியூயார்க்கில் வார்னரின் சொந்த அரங்கம். படத்துக்கு முன்னால் பேசும், பாடும் குறும்படங்கள் காட்டினார்கள். முதலில் திரையுலகச் சங்கத் தலைவர் வில் ஹேஸ் திரையில் தோன்றிப் பேசினார், வாய் அசைய அசையக் குரல் வந்தது. பிறகு ஃபில்ஹார்மோனிக், மிஷா எல்மனின் வயலின், ராய் ஸ்மெக்கின் கிட்டார், மெட்ரோபாலிட்டன் ஆபராவின் ஜியோவானி மார்ட்டினெல்லி. அன்றைக்குப் பெரும் கைதட்டல் வாங்கியவர்களில் மார்ட்டினெல்லி முக்கியமானவர். அதற்கெல்லாம் அப்புறம்தான் படம். வேடிக்கை என்னவென்றால் குறும்படங்களில் மனிதர்கள் பேசிப் பாடியதைக் கேட்டுவிட்டு, இடைவேளை முடிந்து வந்தவர்கள் இரண்டு மணி நேரம் ஒருவரும் பேசாத படத்தைப் பார்த்தார்கள்.



ஜாஸ் சிங்கர்தானே முதல் பேசும் படம்?

அது 1927 அக்டோபர் 6. இயக்கியவர் அதே கிராஸ்லாண்ட், அதே வைட்டாபோன். அதிலும் பெரும்பகுதி எழுத்து அட்டைதான், பாட்டும் கொஞ்சம் பேச்சும் மட்டும் உண்டு. இசை மட்டும் போதும் என்று தொடங்கியவர்களை ஜனங்களின் கைதட்டல் பேச்சை நோக்கித் தள்ளிவிட்டது. ஒலிக்காக வீட்டில் எல்லோரோடும் மல்லுக்கு நின்ற சாம் வார்னர் ஜாஸ் சிங்கர் வெளியாவதற்கு முந்தின நாள் இறந்துபோனார்.

துணை நடிகர்களில் யாரைக் கவனிக்க வேண்டும்?

சேசரேவாக வருபவர் சுவீடன்காரர் வார்னர் ஓலண்ட், ஜாஸ் சிங்கரில் அப்பா இவர்தான், பிறகு சீனத் துப்பறிவாளராகப் பல படங்களில் வந்தார். லுக்ரீசியாவின் தோழியாக வரும் மிர்னா லாய் 1930களில் பெரிய நட்சத்திரம். தற்கொலை செய்துகொள்ளும் ரினால்டோ மனைவி, ஹெட்டா ஹாப்பர். பிற்பாடு பத்திரிகையில் கிசுகிசுப் பத்தி எழுதி ஹாலிவுட்டையே நடுங்க வைத்தவர்.

இப்போது எங்கே, எப்படிப் பார்ப்பது?

படமும் ஒலியும் முழுசாகப் பிழைத்திருக்கின்றன, அந்தக் காலப் படங்களில் பாதிக்கு மேல் அழிந்துபோன நிலையில் இது அதிர்ஷ்டம். அமெரிக்காவில் 2022 ஜனவரி 1 முதல் பதிப்புரிமை கிடையாது, டிவிடியும் வந்திருக்கிறது. இணையத்தில் கிடைக்கும் பிரதிகளில் ஆரம்பத்திலேயே இசை யாருடையது என்று பாருங்கள். வேறு யாராவது பியானோ வாசித்துச் சேர்த்திருந்தால் மூடிவிட்டு அசல் வைட்டாபோன் ஒலியுள்ளதைத் தேடுங்கள், இரைச்சல் இருந்தாலும் பரவாயில்லை. ஒரே மூச்சில் பார்க்க முடியாவிட்டால் முன்கதை முடிந்ததும் நிறுத்திக்கொண்டு மறுநாள் தொடரலாம், அந்த முன்கதை தனியாகவே ஒரு முழுப் படம், மீதியைவிட நல்ல படமும்கூட.